ஓணான் ஏன் தண்டால் எடுக்கிறது

அந்தக் காலத்தில், ஊர்ந்து திரிகிற உயிர்களும் வாய் திறந்து பேசிக்கொண்டிருந்தபோது, ஒரு கருவேல மரத்தடியில் ஓர் ஓணான் இருந்தது. யார் எப்போது தனக்கு என்ன செய்தார்கள் என்பது அதற்கு மறக்கவே மறக்காது. பக்கத்தில் ஓர் அரணை இருந்தது. அதற்கு எதுவுமே நினைவில் நிற்காது. பாதி தூரம் ஓடிவந்து, எதற்கு வந்தோம் என்று தெரியாமல் நின்றுவிடும்.

ஐப்பசி மழையில் அரணைக்குத் தன் வளை எது என்பதும் மறந்துபோனது. ஓணானின் பாறை இடுக்கில் போய்ப் படுத்துக்கொண்டது. "வெளிய வா" என்று ஒரு வார்த்தை சொல்லியிருந்தால் வந்திருக்கும். ஓணான் சொல்லவில்லை. எதிர்ப்பாறையில் வயிறு ஒட்டப் படுத்து, நனைந்துகொண்டே அந்த இடுக்கை முறைத்தது. மழை விட்டும் அசையவில்லை. வாய்க்கு எட்டிய எறும்பைத் தின்றது. கிடந்து கிடந்து தோளும் முழங்காலும் சிவந்து வீங்கின. தொட்டால் சுட்டது.

அந்த வழியாகச் சாரைப்பாம்பு வந்தது. "தோல் உரியப் போகுது, இப்ப சாப்பாடு இறங்காது. நீ எங்க ஓடப்போற, சட்டையைக் கழற்றிட்டு வாறேன்" என்று சொல்லிவிட்டுப் போனது.

ஓணான் அங்கிருந்து ஓடிவிட நினைத்தது. எழுந்து பார்த்தது. கால் ஊன்றவில்லை.

விடிந்ததும் அரணை வெயில் காய வந்தது. "என்ன அண்ணே, காலெல்லாம் வீங்கிக் கிடக்கு?"

"உன்னாலதான்."

"நான் என்ன செஞ்சேன்?"

ஓணான் முகத்தைத் திருப்பிக்கொண்டது. சொன்னால் இவன் மன்னிப்புக் கேட்டுவிடுவான். அப்புறம் இத்தனை நாள் வளர்த்த கோபத்தை எங்கே கொண்டுபோய் வைப்பது?

"சுருண்டே கிடந்தா எனக்கும் இப்படிப் பிடிச்சுக்கும். முன்னங்காலை ஊன்றி நெஞ்சைத் தூக்கித் தூக்கி இறக்குவேன். முடிஞ்ச மட்டும் செஞ்சு பாருங்க" என்றது அரணை.

"உன் வைத்தியத்தை நீயே வச்சுக்க."

மறுநாளும் அரணை வந்தது. "என்ன அண்ணே, காலெல்லாம் வீங்கிக் கிடக்கு?" மறுபடி முதலிலிருந்து எல்லாம் சொன்னது. அடுத்த நாளும் அப்படியே. அதன் வாயை அடைப்பதற்காகவே ஓணான் ஒருநாள் நெஞ்சைத் தூக்கியது. வலியில் கண் இருட்டியது. "போதுமா?" என்றது.

போதவில்லை. விடிந்தால் அரணை புதிதாகக் கேட்கும், புதிதாகச் சொல்லும். "நேத்துத்தானே செஞ்சேன்" என்றால், "நேத்தா?" என்று விழிக்கும். அந்த மறதியால் ஒருநாள்கூட வைத்தியம் தப்பவில்லை. மெல்ல மெல்லச் சூடு தணிந்தது. சிவப்பு மங்கியது. பசி எடுத்தது. வீக்கம் வடிந்து, முழங்கால் மடங்கி நீண்டது.

ஒருநாள் காலையில் அரணையைக் காணோம். ஓணான் கழுத்தை நீட்டிப் பார்த்தது. அரணை பாதி வழியில் நின்று யோசித்துக்கொண்டிருந்தது. அதன் பின்னால், புதுச் சட்டை பளபளக்கச் சாரை.

ஓணான் குதித்தது. சாரையின் மூக்கை உரசிக்கொண்டு ஓடி, கருவேல மரத்தில் ஏறியது. சாரையும் துரத்தி ஏறியது. நுனிக்கிளை முள்ளில் அந்தப் புதுச் சட்டை கிழிந்தது. சாரை வந்த வழியே இறங்கிப் போய்விட்டது.

"யார் அண்ணே நீங்க? என்ன ஓட்டம் ஓடுறீங்க" என்றது அரணை.

மழையில் நனைந்த கதையைச் சொல்ல ஓணான் வாயெடுத்தது. வாயில் வந்தது வேறு. "நீ கொடுத்த காலுடா இது."

"நானா?" அரணை சிரித்தது. சிரித்து முடிப்பதற்குள் அதையும் மறந்துவிட்டது.

இவனுக்கு ஒருமுறை நன்றி சொன்னால் எப்படி நிற்கும்? இவன் வைத்தியம் சொன்னதைப் போலத் தினமும்தான் சொல்ல வேண்டும். ஓணான் பாறை உச்சியில் ஏறி, நெஞ்சைத் தூக்கி, தலையைத் தாழ்த்தியது.

அன்று முதல்தான் ஓணான் வேலியில் ஏறினாலும் பாறையில் ஏறினாலும் தலை தாழ்த்தித் தண்டால் எடுக்கிறது. கீழே போகிற அரணை, யாரோ யாருக்கோ கும்பிடு போடுகிறார்கள் என்று ஒரு நொடி நின்று பார்த்துவிட்டுப் போகிறது.