மூச்சு வாங்கிய இடம்

தூத்துக்குடியில் மேடை ஏறுகிற எவரும் ஒரு நாள் ரெஜினாவின் பாட்டைப் பாடியே ஆக வேண்டும். கிடாரும் ஆர்கனும் மட்டும் பின்னால் வர, மெல்ல நெஞ்சைப் பிழிகிற காதல் பாட்டு அது. 'கதவைச் சாத்திப் போகாதே' என்று தொடங்கும். 'விடியும் வரை பேச வேண்டாம், பக்கத்தில் சும்மா இரு' என்று முடியும்.

இசைத்தட்டில் ரெஜினா 'விடி' என்று நிறுத்தி, மூச்சை இழுத்து, அதன்பிறகே 'யும் வரை' என்று பாடியிருந்தார். கேட்டவர்கள் அழுதார்கள். பின்னால் வந்த பாடகர்கள் அத்தனை பேரும் அங்கேயே நிறுத்தினார்கள். நிறுத்தாத ஒருவரை யாரும் பாடகராகவே சேர்த்துக்கொள்ளவில்லை.

ரெஜினாவிடம் பாட்டுக் கற்ற அமலோற்பவத்துக்கு மட்டும் அது வரவில்லை. அவளுக்கு நீளமான மூச்சு. நிறுத்தினால் விக்கல் எடுத்தது போலிருந்தது. அன்று மாலை கோயில் திருவிழா மேடையில் அவள் அந்தப் பாட்டைப் பாட வேண்டும். நன்றாக வந்தால் இசைக்குழுவின் முதல் பாடகி. இல்லையென்றால் பழையபடி கோரஸ்தான், அதுவும் கடைசி வரிசையில்.

மத்தியானம் போய்க் கதவைத் தட்டினாள். ரெஜினா மீன்குழம்பு வைத்துக்கொண்டிருந்தார்.

"அக்கா, அந்த இடத்துல எதை நெனச்சு அழுதீங்க? நானும் அதையே நெனச்சுக்கிடுதேன்."

"எந்த இடத்துல?"

"'விடி'ன்னு நிறுத்துனீங்கல்லா, அங்க."

"அழல. தட்டு பதிஞ்ச அன்னைக்கு நெஞ்சுச் சளி. மூச்சு முட்டிட்டு."

அமலோற்பவம் அப்படியே தரையில் உட்கார்ந்துவிட்டாள்.

"அப்ப ஊரே உங்க சளியவா பாடிக்கிட்டு இருக்கு?"

"ஆமா. நல்லாத்தான் பாடுதாங்க."

"மேடையில பாடுறப்ப நீங்க நிறுத்துவீங்களே?"

"சளி சரியானப்புறம் நிறுத்தவே இல்லட்டி. கேட்டவங்களுக்கு நிறுத்துன மாதிரியே கேட்டிருக்கு."

"சளிக்கா அவ்வளவு பேரு அழுதாங்க?"

ரெஜினா குழம்பைக் கிண்டினார்.

"மூச்சு இல்லன்னு தெரிஞ்சும் நான் பாட்ட விடல. உப்பு போதுமான்னு பாரு." கரண்டியை நீட்டினார்.

மாலையில் மைதானம் நிரம்பியிருந்தது. அமலோற்பவம் பாடினாள். 'விடி' வந்ததும் முன்வரிசைக்காரர்கள் பழக்கத்தில் தாங்களே மூச்சை இழுத்தார்கள். அவள் நிறுத்தவில்லை. கிடார்காரர் தடுமாறி, வேகமாக வாசித்துப் பாட்டைப் பிடித்தார். இசைக்குழுத் தலைவரின் முகம் சுருங்கியது.

அதே மூச்சில் 'பக்கத்தில் சும்மா' வரைக்கும் போனாள். 'இரு' என்ற சொல்லுக்கு வரும்போது மூச்சு தீர்ந்துவிட்டது. விட்டிருக்கலாம். விடவில்லை. குரல் நூலாக மெலிந்து, அறுந்துபோகும் என்று எல்லோரும் பயந்த நேரத்தில் அறுபடாமல் முடிந்தது.

ஓரத்தில் நின்ற கடலை வியாபாரி தட்டைக் கீழே வைத்துவிட்டுக் கை தட்டினார். மைதானமே எழுந்து நின்றது. தலைவர் மேடைக்கு வந்து அவளுடைய மைக்கை எடுத்து, முதல் பாடகி நிற்கும் நடு இடத்தில் வைத்தார். அந்தக் கைதட்டல் துறைமுகம் வரை கேட்டது என்பார்கள். கேட்டிருக்கும், அப்படித்தான் பாடினாள்.

கிறிஸ்துமஸ் வந்தது. அமலோற்பவம் சிரிப்பை அடக்க முடியாமல் ரெஜினா வீட்டுக்கு வந்தாள்.

"அக்கா, இப்ப பாடுற பிள்ளைங்க எல்லாம் 'விடி'யில நிறுத்தவே இல்ல. 'இரு'ன்னு வாறப்ப குரல மெலிய வைக்குதாங்க. எனக்கு அங்க மூச்சு தீந்துபோச்சு, அம்புட்டுதான். போய்ச் சொல்லிரவா?"

"யாராவது கேட்டாளா?"

"இல்ல."

"அப்ப பாடட்டும். கேட்டு ஒருத்தி வருவா. கதவச் சாத்தாம வையி."