மூன்று பல் சாவி

வெகு காலத்துக்கு முன்னால், பனிமலைகளுக்கு அடியில், ஒரு நீண்ட ஏரிக்கரையில் ஒரு கூட்டம் வாழ்ந்தது. கெல்ட்டியர் என்று சொல்கிறோமே, அந்தப் பெரிய இனத்தில் ஒரு சின்னக் கிளை. தாவோரர் என்று பெயர். அவர்களுக்கு ஒரு தலைவன் இருந்தான். அவன் பெயர் கத்துமார். அந்தப் பெயரைச் சொல்லும்போதெல்லாம் எனக்கு வயிறு எரிகிறது, பொறுத்துக்கொண்டு கேளுங்கள்.

தாவோரரின் பள்ளத்தாக்கு சின்னது. பிள்ளைகள் பெருகினார்கள், ஆடு மாடு பெருகியது, விளைநிலம் மட்டும் பெருகவில்லை. ஒரு வசந்த காலத்தில் கத்துமார் ஊரைக் கூட்டினான்.

"மேற்கே போவோம். அங்கே கண்ணுக்கு எட்டும்வரை கறுப்பு மண். நான் அழைத்துப் போகிறேன்" என்றான்.

அந்தக் கூட்டத்தில் ஒரு பழைய வழக்கம் உண்டு. ஊரைவிட்டுப் புறப்பட்டால் மூன்று காரியம் செய்ய வேண்டும். மூன்று மாதத்துக்கு மாவு அரைத்து மூட்டை கட்ட வேண்டும். வீட்டைத் தன் கையாலேயே கொளுத்த வேண்டும். வீட்டுச் சாவியை ஏரியில் எறிய வேண்டும். ஏரிக்குக் கொடுத்த இரும்பை எவரும் திரும்ப எடுக்கக்கூடாது. திரும்பி வரலாம் என்ற நினைப்பே யாருக்கும் இருக்கக்கூடாது என்பதற்காக முன்னோர்கள் அப்படி வைத்தார்கள்.

ஊரில் வெலிசா என்று ஒருத்தி. கொல்லன் லூகோவின் மனைவி. துருத்தி ஊதுவதும் அவள்தான், அரம் பிடித்து ராவுவதும் அவள்தான். அந்த ஊரில் பூட்டு என்றால் லூகோ, சாவி என்றால் வெலிசா. அவர்கள் வீட்டை லூகோ ஏழு வருஷம் பாடுபட்டுக் கட்டியிருந்தான்.

வெலிசா தலைவனிடம் போய்க் கேட்டாள். "தலைவரே, வீட்டைக் கொளுத்துகிறோம். பட்டறையை மட்டும் விட்டுவிடலாமா? கல் சுவர்தானே, யாருக்கு என்ன நஷ்டம்?"

கத்துமார் ஊர் கேட்கும்படி கத்தினான். "ஒரு சுவரை மிச்சம் வைக்கிறவன் பாதி மனதோடு வருகிறான்! பாதி மனதுக்காரன் எனக்கு வேண்டாம்! என்னைப் பார்! என் வீட்டை நானே கொளுத்துகிறேன். மேல் ஊற்றுக்குப் பக்கத்தில் இருக்கிற வேட்டை வீட்டை நேற்றே கொளுத்திவிட்டேன், புகையைப் பார்க்கவில்லையா?"

புகையை எல்லாரும் பார்த்திருந்தார்கள். வெலிசா தலைகுனிந்து திரும்பினாள். எல்லார் முன்னாலும் அவமானப்பட்டது அவளுக்கு நெஞ்சில் முள்ளாகக் குத்தியது. ஆனாலும் அவன் சொன்னது நியாயம் என்றே நினைத்தாள்.

மறுநாள் ஊர் எரிந்தது. வெலிசா தன் கூரையில் தானே தீ வைத்தாள். பட்டறையின் சுவரை லூகோ சம்மட்டியால் தட்டி இடித்தான். பிறகு எல்லாரும் வரிசையாக ஏரிக்கரையில் நின்று சாவிகளை எறிந்தார்கள். கத்துமாரும் எறிந்தான். தண்ணீர் தெறித்தது. ஜனங்கள் ஆரவாரம் செய்தார்கள்.

அன்றைக்கு வெலிசாவின் வயிற்றில் ஒரு பிள்ளை தங்கியிருந்தது. அவளுக்கே இன்னும் தெரியாது.

நடந்தார்கள். முதல் மாத முடிவில் ஒரு மலைச் சரிவுக்கு வந்தார்கள். அங்கே இருந்தவர்கள் நல்ல மனிதர்கள். "தெற்குச் சரிவு தரிசாகக் கிடக்கிறது. வந்து இருங்கள். எங்கள் பாதைகளைச் செப்பனிட ஆள் கொடுத்தால் போதும்" என்றார்கள்.

ஜனங்களுக்குச் சந்தோஷம். கத்துமார் மூக்கைச் சுளித்தான். "கல்லு நிலம். நாம் என்ன ஆடுகளா?"

நடந்தார்கள். மூன்றாம் மாதம் முடியும்போது ஒரு குளக்கரைக்கு வந்தார்கள். மாவு மூட்டை அடிதட்டிவிட்டது. குளத்து ஜனங்கள் மீன் கொடுத்தார்கள், கரையில் இடமும் கொடுப்பதாகச் சொன்னார்கள்.

கத்துமார் மறுபடியும் மூக்கைச் சுளித்தான். "மீன் நாற்றம். என் குடலைப் புரட்டுகிறது."

லூகோ அன்றைக்கு வாயைத் திறந்தான். "தலைவரே, மழைக்காலம் வருகிறது. இதைத் தாண்டினால் சதுப்பு நிலம். வண்டி இறங்காது. பிள்ளைகள் தாங்க மாட்டார்கள்."

"பயப்படுகிறவன் கடைசியில் வரட்டும்" என்றான் கத்துமார்.

சதுப்பில் இறங்கினார்கள். பதினாறு நாள் மழை. வண்டிகளைத் தோளால் முட்டித் தள்ளியவர்களில் லூகோவும் ஒருவன். இடுப்புவரை சேற்றில் நின்றவனுக்குக் காய்ச்சல் கண்டது. மூன்றாம் நாள் போய்விட்டான். சதுப்பின் ஓரத்தில் கொஞ்சம் மேடான இடமாகப் பார்த்துக் குழி தோண்டினார்கள். வெலிசா தன் வயிற்றில் கை வைத்துக்கொண்டு அந்தக் குழிக்கு முன்னால் ஒரே ஒரு வார்த்தை கொடுத்தாள்.

"உன் பிள்ளையை வண்டியில் பெறமாட்டேன். ஒரு கூரைக்குக் கீழேதான் பெறுவேன்."

இலையுதிர் காலம் வந்தது. மூன்றாவதாக ஒரு பெரிய ஆற்றங்கரைக்கு வந்தார்கள். ஆறு வளைந்து திரும்புகிற இடத்தில் கறுப்பு மண். கத்துமார் சொன்னானே, அதே கறுப்பு மண்! ஆற்றுக்காரர்களின் அரசி வயதான கைம்பெண். அவள் வந்து இவர்கள் பிள்ளைகளின் விலா எலும்பைப் பார்த்தாள்.

"இந்த வளைவு உங்களுக்கு. ஒரே ஒரு நிபந்தனை. வருஷா வருஷம் வெள்ளத்துக்கு முன்னால் எங்களோடு சேர்ந்து கரைக்கு மண் சுமக்க வேண்டும். நாளை உச்சி வெயிலுக்குள் பதில் சொல்லுங்கள். அதற்குமேல் காத்திருக்க மாட்டேன், வேறு கூட்டமும் கேட்கிறது."

கத்துமார் என்ன சொன்னான் தெரியுமா? "நாளைக்குச் சொல்கிறேன்" என்று அரசியை அனுப்பிவிட்டு, தன் ஆட்களிடம், "தாவோரர் மண் சுமப்பதா? கேவலம்! நாளைக்கு முடியாது என்று சொல்லப் போகிறேன்" என்றான்.

அடப்பாவி! பிள்ளைகள் புல்லைத் தின்கிறார்கள், இவனுக்கு மண் சுமப்பது கேவலமாம்.

அன்று மாலை வெலிசா ஆற்றில் துணி அலசிக்கொண்டிருந்தாள். நிறைமாத வயிறு. பக்கத்தில் கத்துமார் தண்ணீர் குடிக்கக் குனிந்தான். சட்டைக் கழுத்திலிருந்து ஒரு தோல் கயிறு நழுவித் தொங்கியது. கயிற்றின் நுனியில் ஒரு சாவி. காட்டுப்பன்றித் தலை வைத்த பிடி, மூன்று பல்.

கத்துமார் நிமிர்ந்தான், சாவி சட்டைக்குள் போய்விட்டது. துணி அலசுகிறவளை அவன் ஏறிட்டும் பார்க்கவில்லை.

வெலிசா அந்தச் சாவியை அடையாளம் கண்டுகொண்டாள். பன்றித் தலையை அடித்தவன் லூகோ. அந்த மூன்று பல்லையும் ராவியது அவள் கைதான். மேல் ஊற்று வேட்டை வீட்டுச் சாவி அது! எரிந்துபோன வீட்டுக்குச் சாவி எதற்கு? அப்படியானால் வீடு எரியவில்லை. அன்றைக்குப் பார்த்த புகை வெறும் சருகுப் புகை.

அப்போதுதான் எல்லாம் விளங்கியது. கல்லு நிலம் ஏன் பிடிக்கவில்லை, மீன் நாற்றம் ஏன் குடலைப் புரட்டியது, மண் சுமப்பது ஏன் கேவலம். திரும்பிப் போக ஒரு வீடு இருக்கிறது அவனுக்கு. பிடித்தால் இருப்பான், பிடிக்காவிட்டால் போய்விடுவான். போக இடமில்லாதவர்களைத்தான் இழுத்துக்கொண்டு அலைகிறான். அதற்குத்தான் லூகோ சேற்றில் செத்தான்.

அவளுக்கு வந்த கோபத்தில் அலசிய துணி கிழிந்தது. நேரே போய் அவன் கழுத்தைப் பிடிக்கலாம் என்று எழுந்தாள். பிறகு உட்கார்ந்தாள். கத்தினால் அவன் சாவியை ஆற்றில் போட்டுவிட்டு, புருஷனை இழந்தவள் புத்தி பேதலித்து உளறுகிறாள் என்பான். ஊரும் அவனைத்தான் நம்பும்.

ஆற்றங்கரையில் மாத்துகோ என்ற உப்பு வணிகன் வண்டி நிறுத்தியிருந்தான். வெலிசா அவனிடம் போனாள்.

"அண்ணா, நாளைக் காலையில் எங்கள் கூட்டத்துக்கு வா. வழியில் என்ன சேதி என்று கேட்பார்கள். கிழக்கே தாவோரர் பள்ளத்தாக்கில் காடு பற்றி எரிகிறது, தீ மேல் ஊற்றை நோக்கிப் போகிறது என்று சொல்."

"பொய்யா? என் வாயால் வராது, தாயி. சேதி பொய்யானால் நாளைக்கு என் உப்பை எவன் வாங்குவான்?"

"அது பொய் என்று உச்சி வெயிலுக்குள் நானே எல்லாருக்கும் சொல்கிறேன். நீ சொல்லாவிட்டால் இந்தப் பனிக்கு இங்கே எத்தனை குழி தோண்டுவோம் என்று எண்ணிப் பார்."

மாத்துகோ அவள் வயிற்றைப் பார்த்தான், முகத்தைப் பார்த்தான், சரி என்றான்.

மறுநாள் காலையில் கூட்டம் கூடியது. தாவோரர் வழிப்போக்கனைக் கண்டால் விடமாட்டார்கள், நிறுத்தி மூன்று தடவை சேதி கேட்பார்கள். மாத்துகோவையும் நிறுத்தினார்கள்.

முதல் தடவை கேட்டார்கள். "வடக்கே நல்ல மழை" என்றான்.

இரண்டாம் தடவை கேட்டார்கள். "தெற்கே நல்ல விளைச்சல்" என்றான்.

மூன்றாம் தடவை கேட்டார்கள். "உங்கள் பழைய பள்ளத்தாக்கில் காட்டுத்தீ. மேல் ஊற்றை நோக்கிப் போகிறதாம்" என்றான்.

ஜனங்கள் ஒருவர் முகத்தை ஒருவர் பார்த்தார்கள். ஒரு கிழவன் கசப்பாகச் சிரித்தான். "எரியட்டும்! எங்களுக்கு அங்கே என்ன மிச்சம்?" ஒருத்தி, "நாங்கள் கொளுத்தாத எதையப்பா காடு கொளுத்தப் போகிறது?" என்றாள். இன்னொருத்தி தலையைக்கூடத் திருப்பவில்லை, பிள்ளைக்குப் பேன் பார்த்துக்கொண்டிருந்தாள்.

ஒரே ஒருவன் துள்ளி எழுந்தான்.

"ஊற்றுக்கு எந்தப் பக்கம்? கிழக்கா மேற்கா? காற்று எப்படி அடிக்கிறது? என் குதிரை எங்கே?" கத்துமாரின் முகம் வெளுத்துவிட்டது. வலது கை நெஞ்சை இறுகப் பிடித்திருந்தது.

வெலிசா வயிற்றைத் தாங்கிக்கொண்டு நடுவில் வந்து நின்றாள்.

"எங்கே இவ்வளவு அவசரம், தலைவரே?"

"நம் தாய்மண் எரிகிறது, பெண்ணே!"

"போன வசந்தத்தில் ஊரே எரிந்தபோது நீங்கள் வேர்க்கக்கூட இல்லையே. நெஞ்சில் என்ன பிடித்திருக்கிறீர்கள்? எடுத்துக் காட்டுங்கள்."

பக்கத்தில் நின்றவர்கள் அவன் கையை விலக்கினார்கள். சாவி வெளியே வந்து தொங்கியது.

"மேல் ஊற்று வீட்டுச் சாவி. பல் ராவியவள் நான்" என்றாள் வெலிசா.

 கத்துமார் சாவியைக் கைக்குள் மூடிக்கொண்டான். "ஒரு நினைவுக்காக வைத்திருக்கிறேன். எரிந்த வீட்டின் நினைவு."

"நினைவுதானே? ஆற்றில் எறியுங்கள். அச்சு அசலாக வேறொன்று நான் செய்து தருகிறேன்."

அவன் எறியவில்லை.

"எறியுங்கள். எங்கள் சாவிகளை நாங்கள் எறியவில்லையா?"

அவன் எறியவில்லை.

"எறி!" என்றாள் வெலிசா. மரியாதை அத்தோடு போயிற்று.

கத்துமாரின் கை உயர்ந்தது, பாதியில் நின்றது, சாவியோடு நெஞ்சுக்கே திரும்பியது. பிறகு அவன் கத்தினான். "ஆமாம், எரிக்கவில்லை! எல்லாம் கெட்டுப்போனால் தலைவன் ஒருவனாவது பிழைக்க வேண்டாமா?"

அவ்வளவுதான். ஆண்கள் வாளை உருவினார்கள், பெண்கள் கல்லை எடுத்தார்கள். பேன் பார்த்துக்கொண்டிருந்தவள்தான் முதல் கல்லை ஓங்கினாள்.

"நிறுத்துங்கள்!" என்றாள் வெலிசா. இரக்கப்பட்டுச் சொன்னாள் என்று நினைக்காதீர்கள். அவள் மனதில் எள்ளளவும் இரக்கம் இல்லை. "இவனைக் கொன்றால் இங்கேதான் புதைக்க வேண்டும். நமக்குக் கிடைத்த மண்ணில் முதல் குழி இவனுக்கா? இவனுக்குத்தான் வீடு இருக்கிறதே, போகட்டும்."

பிறகு அவன் பக்கம் திரும்பினாள். "காட்டுத்தீ பொய். நான் சொல்லச் சொன்ன பொய். உன் வீடு பத்திரமாக நிற்கிறது. நடந்து போ. வந்த வழியே போ. சதுப்பின் ஓரத்தில் மேட்டில் ஒரு குழி இருக்கும். அந்தச் சாவியைச் செய்தவன் அதில் கிடக்கிறான். நின்று அவனுக்குப் பதில் சொல்லிவிட்டுப் போ."

கழுத்தில் சாவியும் தோளில் ஒரு வெறும் மாவுப் பையுமாகக் கத்துமார் போனான். ஒருவரும் கூடப் போகவில்லை. அவன் குதிரைகூட இங்கேயே நின்றுவிட்டது.

உச்சி வெயிலில் அரசி வந்தாள். "கரைக்கு மண் சுமக்கிறோம்" என்று ஜனங்கள் ஒரே குரலில் சொன்னார்கள். அன்றைக்கே கூடை எடுத்தார்கள். ஆற்றுக்காரர்கள் நாணல் அறுத்துக் கொடுத்தார்கள், தாவோரர் மண் குழைத்தார்கள். முதலில் எழும்பிய கூரை வெலிசாவுக்கு. சுவரின் ஈரம் காயவில்லை, வெளியே முதல் பனி விழுந்துகொண்டிருந்தது, உள்ளே அவள் ஒரு பெண் பிள்ளையைப் பெற்றாள். கூரைக்குக் கீழேதான் பெற்றாள்.

அடுத்த வசந்தத்தில் மாத்துகோ உப்போடு வந்தான். வெலிசா இடுப்பில் பிள்ளையோடு பட்டறையில் நின்றாள்.

"உங்கள் பழைய தலைவனைப் பார்த்தேன், தாயி. ஊர் இருந்த இடமெல்லாம் சாம்பல், ஒற்றை வீடு, ஒற்றை ஆள். தினமும் கதவைப் பூட்டுகிறான், திறக்கிறான். திருட வர ஒருவன் இல்லை, விருந்துக்கு வர ஒருவன் இல்லை. என்னைக் கண்டதும் கையைப் பிடித்துக்கொண்டு அழுதான். அவனை மன்னித்துவிட்டாயா என்று கேட்கச் சொன்னான்."

வெலிசா பிள்ளையைக் கீழே இறக்கிவிட்டு, உலையிலிருந்து இரும்பை எடுத்துப் பட்டடைமேல் வைத்தாள்.

"சதுப்பில் கிடக்கிறவனிடம் போய், மன்னித்தாயா என்று கேட்கச் சொல்" என்றாள். சம்மட்டியை ஓங்கி அடித்தாள்.

அதற்குப் பிறகு தாவோரர் இன்னும் இரண்டு தடவை இடம் பெயர்ந்தார்கள். இரண்டு தடவையும் தலைவனின் வீடுகள் அத்தனையும் ஜனங்களின் கண்ணெதிரே முதலில் எரிந்தன. அவை சாம்பலாகும்வரை வேறு எவரும் பந்தத்தைத் தொடவில்லை.

கேட்டவர்களே, இதை மறக்காதீர்கள்: ஊராரை வீடு கொளுத்தச் சொல்லிவிட்டுத் தனக்கு மட்டும் ஒரு கதவை ஒளித்து வைத்திருப்பவன் பின்னால் ஓர் அடிகூட நடக்கக்கூடாது.