பதினோரு முறை செத்தவள்

மரகதவல்லி இருபத்து மூன்று வருடமாகத் தொலைக்காட்சித் தொடர்களில் நடிக்கிறாள். முகத்தைப் பார்ப்பவர்கள் "எங்கேயோ பார்த்திருக்கேனே" என்பார்கள். பெயரைச் சொன்னால் யாருக்கும் தெரியாது.

அன்று உலகநாத அடிகளின் மடத்துக்கு வந்தபோது அவள் முகம் வாடியிருந்தது.

"புது சீரியல்ல கூப்பிட்டிருக்காங்க சாமி. மூணு வருஷம் ஓடுமாம்."

"நல்லதுதானேம்மா?"

"முதல் நாளே செத்துடுறேன். அப்புறம் சுவத்துல மாலை போட்ட போட்டோதான். பேசாம நடிப்பையே விட்டுடலாமான்னு இருக்கு. சாயங்காலத்துக்குள்ள பதில் சொல்லணும்."

"இதுவரைக்கும் எத்தனை முறை செத்திருக்கே?"

"பதினோரு தடவை."

"செத்ததும் என்ன செய்வாங்க?"

இந்தக் கேள்வியை அவளிடம் யாரும் கேட்டதில்லை.

"பொணமா நடிச்சவங்க அப்படியே எழுந்து போகக் கூடாது சாமி. மாலையைக் கழட்டிட்டு, கேமராவைப் பார்த்துச் சிரிக்கச் சொல்வாங்க. மேக்கப் போடுற அம்மா திருஷ்டி கழிப்பாங்க. லைட்மேன்கூடக் கை தட்டுவார். ஆனா அந்தச் சிரிப்பு டிவியில வராது."

"எங்கே, இப்போ செத்துக் காட்டு."

அவள் கூடத்தில் படுத்தாள். கை துவண்டது. மூச்சு இருக்கிற இடமே தெரியவில்லை. அவ்வளவு நல்ல நடிகை; நமக்குத்தான் தெரியாமல் போயிற்று.

மோர் கொண்டுவந்த சமையற்காரப் பேச்சியம்மா செம்பைக் கீழே போட்டுவிட்டாள்.

"ஐயையோ, மகராசி போயிட்டாளே! போன வெள்ளிக்கிழமைகூட என் ரசம் நல்லாருக்குன்னாளே!"

மரகதவல்லி பழக்க தோஷத்தில் கண்ணைத் திறந்து சிரித்தாள்.

பேச்சியம்மா அவள் கன்னத்தைத் தடவித் தடவிப் பார்த்தாள். "இப்படியாடி பயமுறுத்துவே? நல்லா இரு தாயி" என்று அழுதுகொண்டே திட்டினாள்.

மரகதவல்லிக்கும் கண் நிறைந்தது. பதினோரு முறையும் தன்னைத் தூக்கி உட்காரவைத்த கைகளெல்லாம் ஞாபகம் வந்தன. அத்தனை பேருக்கும் நன்றி சொல்ல வேண்டும் போலிருந்தது.

போனை எடுத்து, புது சீரியலின் மேனேஜரிடம், "வர்றேன் தம்பி" என்றாள்.

பிறகு அடிகளிடம் திரும்பினாள்.

"பேர் கிடைக்கலைன்னு இனிமே வருத்தப்பட மாட்டேன் சாமி. ஆனா இத்தனை வருஷத்துல நான் என்னதான் கத்துக்கிட்டேன்?"

அடிகள் குனிந்து, சிந்திய மோரைத் துடைத்தார்.

"செத்து எழுந்து சிரிக்கணும். அதைக் கத்துக்கத்தான் முப்பது வருஷமா நான் இங்கே உட்கார்ந்திருக்கேன். இன்னும் வரலை. உனக்குச் சாப்பாடும் போட்டுச் சொல்லிக்கொடுத்திருக்காங்களேம்மா!"