மெழுகுவர்த்தி சார்

பூவராகனுக்குப் பூவராகன் என்று ஒரு பெயர் இருப்பதே ஊரில் பாதிப் பேருக்குத் தெரியாது. மெழுகுவர்த்தி சார் என்றால்தான் தெரியும். பஸ்ஸில் யாராவது எழுந்து இடம் கொடுப்பதும் அந்தப் பெயருக்குத்தான். கல்யாணப் பந்தியில் "அட, நீங்களா சார்!" என்று இன்னொரு கரண்டி பாயசம் விழுவதும் அந்தப் பெயருக்குத்தான்.

எல்லாம் ஒரே ஒரு புதன்கிழமை சாயங்காலம் பண்ணிய வேலை. தெருவுக்கு ஒரு டிவி இருந்த காலம். 'கண்ணால் காண்போம்' என்று ஓர் அறிவியல் நிகழ்ச்சி. இருபத்தாறு வயசு பூவராகன் தட்டில் தண்ணீர் ஊற்றி, நடுவே ஒரு மெழுகுவர்த்தியை ஏற்றி, மேலே கண்ணாடி டம்ளரைக் கவிழ்த்தார். சுடர் அணைந்தது. தண்ணீர் டம்ளருக்குள் விறுவிறுவென்று ஏறியது.

"பாத்தீங்களா? உள்ளே இருந்த ஆக்ஸிஜனைச் சுடர் தின்னுடுச்சு! காலியான இடத்துக்குத் தண்ணி குடிவந்துடுச்சு!"

அவ்வளவுதான். மறுநாள் தமிழ்நாட்டில் டம்ளர் கவிழ்க்காத வீடு இல்லை. எத்தனை உடைந்ததோ, யார் கண்டது! அடுத்த வாரம் கடிதங்கள் கோணிப்பையில் வந்தன.

அப்புறம் இருபத்தைந்து வருஷம், ஆயிரத்துச் சொச்சம் நிகழ்ச்சி. பாதி வழியில் பூவராகனே தயாரிப்பாளரும் ஆனார். ஆனாலும் குரு யாரென்று யாராவது கேட்டால், கொஞ்சமும் யோசிக்காமல் ஜெசிந்தா மேடம் என்பார். கல்லூரி ஆய்வுக்கூடத்தில் குடுவை கழுவிக்கொண்டிருந்தவரைக் கேமரா முன்னால் கொண்டுவந்து நிறுத்திய தயாரிப்பாளர் அவர்தான்.

மேடத்துக்கு இப்போது எழுபத்தாறு. பெரம்பூரில் மாடி வீட்டில் தனியாக இருக்கிறார். ஒரு வியாழக்கிழமை காலை பூவராகன் அந்த மாடிப்படியை மூச்சு வாங்க ஏறினார்.

"வாய்யா. சனிக்கிழமை விருதாமே! மூஞ்சியைப் பாத்தா ஆபரேஷனுக்குப் போறவன் மாதிரி இருக்கே?"

அறிவியல் ஆசிரியர்கள் சங்கம் கொடுக்கும் வாழ்நாள் சாதனை விருது. ரெண்டாயிரம் ஆசிரியர்கள் வருகிறார்கள். மேடையில் பெரிய திரை கட்டி, அந்த டம்ளர் காட்சியைப் போடப்போகிறார்கள்.

பூவராகன் சட்டைப் பையிலிருந்து ஒரு கடிதத்தை எடுத்து நீட்டினார். மேடம் கண்ணாடியை மாட்டிக்கொண்டு வாய்விட்டுப் படித்தார்.

"மதிப்பிற்குரிய மெழுகுவர்த்தி சாருக்கு, வேடசந்தூர் பக்கத்திலிருந்து ஆசிரியை செல்லக்கிளி எழுதுவது. பஞ்சாயத்து டிவியில் உங்களைப் பார்த்துத்தான் நான் அறிவியல் படித்தேன். இருபத்தெட்டு வருஷமாக உங்கள் சோதனையை, உங்கள் வார்த்தையிலேயே சொல்லிக்கொடுக்கிறேன். போன வாரம் எட்டாம் வகுப்புப் பெண் ஒருத்தி, எரியும்போது ஏறாத தண்ணீர் அணைந்த பிறகு ஏன் டீச்சர் ஏறுகிறது என்று கேட்டாள். எனக்குத் தெரியவில்லை. சாரைக் கேட்டுச் சொல்கிறேன் என்றிருக்கிறேன். சனிக்கிழமை விழாவுக்கு வருகிறேன்."

மேடம் கடிதத்தை மடித்தார்.

"பதில் தெரியாதா உனக்கு?"

"தெரியும் மேடம். அதான் கஷ்டம்."

"எப்பத்திலேருந்து தெரியும்?"

"பன்னெண்டு வருஷமா. ஒரு புஸ்தகத்துல படிச்சேன். நான் சொன்னது தப்பு."

"யார்கிட்ட சொன்ன?"

"யார்கிட்டயும் சொல்லல. எப்படிச் சொல்றது? ஊரே எனக்கு அந்தப் பேரை வெச்சிருக்கு. அதுவே தப்புன்னா, மத்த ஆயிரமும் தப்போன்னு கேக்க மாட்டாங்களா?" பிறகு, "வேற காட்சி போடச் சொல்லிடட்டுமா? வானவில் எடுத்தோமே, அதுவும் நல்லாத்தானே இருக்கும்?" என்றார்.

மேடம் எழுந்தார். உள்ளே போய்த் தட்டு, டம்ளர், செம்பில் தண்ணீர் எல்லாம் கொண்டுவந்து மேஜையில் வைத்தார். மாதா படத்துக்குக் கீழே இருந்த மெழுகுவர்த்திக் கட்டைப் பிரித்தார்.

"ஏத்து."

பூவராகன் தீக்குச்சியைக் கிழித்து ஏற்றினார். எத்தனை வருஷமாச்சு! ஸ்டூடியோ விளக்குச் சூட்டில் பவுடர் கரைந்து கழுத்தில் வழிந்த நாட்கள். டம்ளர், கரண்டி, பலூன் என்று எல்லாமே மேடம் வீட்டிலிருந்து கூடையில் வரும். ரெக்கார்டிங் முடிந்தால் அதே டம்ளரைக் கழுவி எல்லோரும் டீ குடிப்பார்கள். அந்த டீக்காகவே இன்னொரு தடவை இருபத்தாறு வயசு ஆகலாம் என்று தோன்றியது.

"கனவு காணாதே. கவுத்து. வாயைத் திறக்காமப் பாரு."

கவிழ்த்தார். டம்ளரின் விளிம்புக்கு அடியிலிருந்து குமிழிகள் குபுகுபுவென்று வெளியே வந்தன. சுடர் சுருங்கி அணைந்தது. அதற்குப் பிறகுதான் தண்ணீர் மளமளவென்று ஏறியது.

மேடம் தட்டைத் துடைத்து, இந்தத் தடவை மூன்று மெழுகுவர்த்திகளை நெருக்கி நிறுத்தினார். டம்ளர் அதே டம்ளர். ஆனால் தண்ணீர் முன்னைவிட உசரமாக ஏறி நின்றது.

"காத்து அதே அளவு காத்துதானே? மூணு வெச்சா மட்டும் ஆக்ஸிஜன் எங்கேருந்து அதிகமா வந்துச்சு?"

"ஆக்ஸிஜன் இல்ல மேடம், சூடு. சூடான காத்து விரிஞ்சு குமிழியா வெளியே போயிடுது. அணைஞ்சதும் மிச்சக் காத்து ஆறிச் சுருங்குது. அந்த இடத்துக்குத்தான் தண்ணி ஏறுது." பூவராகன் தட்டையே பார்த்துக்கொண்டிருந்தார். "இவ்வளவு பளிச்சுன்னு தெரியுதே! அன்னிக்கு எப்படி நம்ம கண்ணுல படாமப் போச்சு?"

"உன் கண்ணுல படல. நீ கேமராவைப் பாத்துப் பேசிக்கிட்டே கவுத்த. டம்ளரைப் பாக்கவே இல்ல."

"உங்க கண்ணுல?"

மேடம் கண்ணாடியைக் கழற்றி மேஜையில் வைத்தார்.

"பட்டுச்சு."

பூவராகன் நிமிர்ந்து பார்த்தார்.

"அப்பல்லாம் எப்படி வேலை செஞ்சோம்? உன் பேச்சைத்தான் முதல்ல முழுசா அடுக்குவோம். அப்புறம் ரெண்டாவது கேமரா கிட்டத்துல எடுத்த படத்தை, பேச்சோட நீளத்துக்கு வெட்டி ஒட்டுவோம். பேச்சு முன்னாடி போகும், படம் பின்னாடியே போகும். எடிட்டிங்ல உக்காந்திருக்கேன், திரையில குமிழி போகுது. உன் பேச்சுல குமிழியே இல்ல. நாலு செகண்டு. வெட்டிட்டேன்."

"ஏன்னு கேக்கத் தோணலையா உங்களுக்கு?"

"தோணுச்சு. கேட்டா மறுபடி எடுக்கணும். ஸ்டூடியோ அடுத்த வாரம்தான் கிடைக்கும். அதைவிட, உன் பேச்சு அவ்வளவு அழகா இருந்துச்சுய்யா. 'தண்ணி குடிவந்துடுச்சு'ன்னு சொன்னியே... அதைத் தொட மனசு வரல."

பூவராகனுக்கு நெஞ்சு கொதித்தது. நாற்பது வருஷமாகச் சாமியாகக் கும்பிட்ட ஆள்!

"ஊசல் நிகழ்ச்சியில ஒரே ஒரு ஆட்டத்தை எண்ணாம விட்டுட்டேன்னு மொத்த டேப்பையும் தூக்கிப் போட்டீங்களே மேடம்! கண்ணுல பட்டதைத்தான் வாய் பேசணும்னு என்னை அழ வெச்சீங்களே!"

"தேதியை யோசிச்சுப் பாரு. ஊசல் முன்னாடியா, மெழுகுவத்தி முன்னாடியா?"

பூவராகன் யோசித்தார். மெழுகுவர்த்திதான் முன்னால். மேடத்தின் கெடுபிடி, திட்டு, தூக்கி எறிந்த டேப்புகள் எல்லாமே அதற்குப் பிறகுதான்.

கோபம் எங்கே போனதென்றே தெரியவில்லை. எதிரே உட்கார்ந்திருந்தவர் ரொம்பக் களைத்துப்போன மனுஷியாகத் தெரிந்தார். பூவராகன் எழுந்து, தட்டில் இருந்த தண்ணீரைத் தொட்டியில் கொட்டி, டம்ளரைக் கழுவி வைத்தார். துண்டில் கையைத் துடைத்துக்கொண்டே வந்து உட்கார்ந்தார்.

"காட்சியை மாத்தச் சொல்லல மேடம். அதையே போடட்டும்."

"ம்."

"தப்புன்னு நானே சொல்லிடறேன். உங்க பேரை மட்டும் எடுக்க மாட்டேன்."

"எடு. முன் வரிசையில உக்காந்திருப்பேன், கையைக் காட்டு. வெட்டினவ நான்தானே?"

பூவராகன் தலையை ஆட்டினார். மனசு கொஞ்சம் லேசானது. கடிதத்தைப் பத்திரமாகப் பையில் வைத்துக்கொண்டு, செருப்பை மாட்டும்போதே வாசகத்தை மனசுக்குள் கோத்துப் பார்த்தார். பழைய கை, சட்டென்று நன்றாகவே வந்தது.

"விருதை வாங்கிக்கிட்டு, நன்றி சொல்லும்போது இதைச் சொல்றேன் மேடம். உருக்கமா இருக்கும்."

மேடம் கதவைப் பிடித்துக்கொண்டு நின்றார்.

"வாங்குறதுக்கு முந்தி சொல்லு பூவராகா. வாங்கினப்புறம் சொன்னா, தன்னடக்கம்னு கைதட்டிடுவாங்க."