சதுப்பில் நொண்டிய வெளிச்சம்

கருவானக் காட்டில் மழைக்காலம் பிறந்தால் சூரியன் படுத்துவிடும். வெயில்காலம் வந்தால்தான் எழுந்திருக்கும். அதுவரை இருட்டு, குளிர், பசி.

அந்த இருட்டில் விலங்குகள் வரிசையாகத்தான் நடக்கும். முன்னால் போகிறவன் வாலைப் பின்னால் வருகிறவன் வாயில் கவ்விக்கொள்ள வேண்டும். வாயைத் திறந்தால் வால் நழுவும். வால் நழுவினால் ஆள் தொலைந்தான்.

வரிசைக்கு முதல் ஆள் பரட்டை என்கிற குள்ளநரி. அவன் கவ்வ வால் இல்லை. ஆகவே பேசுகிற வசதி அவனுக்கு மட்டும்தான். அதை அவன் வீணாக்கியதே இல்லை.

ஒருநாள் சதுப்புக்கு நடுவே ஒரு வெளிச்சம் தெரிந்தது. பூசணிக்காய் பருமன். நீல நிறம். யாரும் முன்பின் பார்த்ததில்லை.

"சூரியன் போட்ட குட்டிடா அது!" என்றான் பரட்டை. "பிடிச்சுட்டு வந்தா காடு முழுக்க வெயில்தான்!"

"கிழங்கு முளைக்குமா?" என்றது மொந்தன் என்கிற காட்டுப்பன்றி.

"மலை மலையா முளைக்கும்! வாலைப் பிடி!"

மொந்தன் கவ்வியது. அதன் பின்னால் முயல்கள் கவ்விக்கொண்டன. வரிசை கிளம்பியது.

புழு பொறுக்கப் போயிருந்த செங்கண்ணி அப்போதுதான் திரும்பினாள். செங்கண்ணி ஓர் ஆள்காட்டிக் குருவி. அவள் இட்ட முட்டைகளில் பாம்புக்குப் போக மிஞ்சியது ஒரே குஞ்சு, பொட்டு. இன்னும் பறக்கத் தெரியாது. கூட்டில் பொட்டு இல்லை.

"அம்மா! இங்கே! வெயில் பார்க்கப் போறேன்!"

குரல் மொந்தன் முதுகிலிருந்து வந்தது.

செங்கண்ணி புழுவைப் போட்டுவிட்டுக் கிளம்பினாள். வரிசைக்கு மேலே பறந்து கத்தினாள். "மொந்தன் அண்ணே! திரும்புங்க! அது சதுப்பு!"

"ம்ம்ம்" என்றது மொந்தன். வாயில் வால்.

"வந்துட்டா பாரு!" என்று சிரித்தான் பரட்டை. "இலை உதிர்ந்தாலும் ஊரைக் கூட்டுவா. நீங்க வாங்கடா!"

வெளிச்சம் சற்று மங்கியது. ஒரு பக்கம் சாய்ந்தது. இதோ விழப்போகிறது என்பதுபோல் தள்ளாடியது. பரட்டை பாய்ந்தான். வெளிச்சம் அவன் மூக்குக்கு அப்பால் நழுவி நின்றது. மறுபடி மங்கியது. மறுபடி தள்ளாடியது.

செங்கண்ணி சிறகடிப்பதையே ஒரு கணம் மறந்தாள்.

அது அவளுடைய வித்தை! கூட்டருகே யாராவது வந்தால் அவளும் அப்படித்தான் சிறகொடிந்தவள்போல் நொண்டி நொண்டி அவர்களை வேறெங்கோ இழுத்துப் போவாள். இந்த வெளிச்சமும் எதையோ ஒளித்து வைத்திருக்கிறது. இவர்களை அங்கிருந்து சேற்றுக்குள் இழுக்கிறது.

'சளக்.' மொந்தனின் கால் முழங்கால்வரை சேற்றில் இறங்கியது.

"அம்மா, அண்ணன் குள்ளமாயிட்டே போறார்!"

"குதிச்சுடாதே பொட்டு! கெட்டியாப் பிடிச்சுக்கோ!"

இனிக் கத்திப் பயனில்லை. செங்கண்ணி பரட்டைக்கு முன்னால் தொப்பென்று விழுந்தாள். ஒரு சிறகைத் தரையில் இழுத்தாள். "ஐயோ, என் சிறகு!"

பரட்டை நின்றான். எச்சில் ஊறியது. வெளிச்சத்தைப் பார்த்தான். அவளைப் பார்த்தான். "வெளிச்சம் எங்கே ஓடிடப் போகுது!" என்று அவள்மேல் பாய்ந்தான்.

அவள் கரைப்பக்கம் நொண்டினாள். பரட்டை திரும்பினான். அவன் வால் திரும்பியது. வால் திரும்பினால் வரிசையும் திரும்பத்தானே வேண்டும்! மொந்தன் காலைப் பிடுங்கிப் பிடுங்கி வந்தது. முயல்களும் வந்தன.

விலகிப் போனால் பரட்டை விட்டுவிடுவான். நெருங்கினால் கடித்துவிடுவான். அவன் மூச்சு முதுகில் சுட்டது. பல் ஒருமுறை வாலில் பட்டது. இரண்டு இறகு போயிற்று. கரை இன்னும் வரவில்லை. காலுக்கடியில் சேறு. மறுபடி சேறு. பிறகு கல்!

செங்கண்ணி ஜிவ்வென்று எழும்பினாள்.

"ஏமாத்திட்டியேடி!" என்று கத்தினான் பரட்டை. "போகட்டும். டேய், வாலைப் பிடிங்க! வெளிச்சத்துக்குப் போகலாம்!"

மொந்தன் குனிந்து தன் கால்களைப் பார்த்தது. தொடைவரை சேறு அப்பியிருந்தது.

"நீ போ சாமி" என்றது. "எனக்குக் கிழங்கே வேண்டாம்."

பரட்டை தனியாகப் போனான். வெளிச்சம் தள்ளாடியது, நழுவியது, தள்ளாடியது. ஓர் ஊளை கேட்டது. பாதியில் நின்றுபோனது.

கொஞ்ச நேரம் கழித்து வெளிச்சம் நொண்டாமல் எதிர்ப்பக்கம் விரைந்தது. அங்கே கோரைப்புல்லுக்குள் நீலமாய்ப் பொடிப்பொடியாகச் சில வெளிச்சங்கள் அதைச் சுற்றி மொய்த்துக்கொண்டன.

"அங்கே என்னம்மா?" என்றது பொட்டு.

"ஒண்ணுமில்லை. உள்ளே வா, குளிருது" என்று செங்கண்ணி சிறகை விரித்தாள்.

கைக்கு எட்டுவதுபோல் ஆசை காட்டி விலகி விலகிப் போகிற எதுவும் நமக்குக் கிடைக்க வந்ததல்ல, நம்மை இழுத்துப் போக வந்தது.