ஆறு சாட்சி சொன்ன வழக்கு

முன்னொரு காலத்தில், குடிக்கத் தண்ணீர் இல்லாத ஒரு பாறைக் கோட்டையில் ஒரு ராஜா இருந்தார். மூன்று வருஷம் மழை பொய்த்துப் போகவே, ஒரு தை மாதத்தில் யானை குதிரைகளோடும் மந்திரி பிரதானிகளோடும் புறப்பட்டு வந்து, நெடுந்துறை என்ற ஆற்றங்கரை ஊரைத் தலைநகராக்கிக்கொண்டார். ராஜா வந்தால் ஊருக்கு நல்லது என்று எல்லாரும் சந்தோஷப்பட்டார்கள். ராஜாக்களுக்குச் சும்மா இருக்கத் தெரியாது என்பதை அவர்கள் யோசிக்கவில்லை.

சித்திரையில் ஒருநாள் ராஜா ஓடத்தில் உலாப் போனார். ஆறு நடுவில் ஒடுங்கி ஓடியது. கரையோரம் பரந்த மணல்வெளி. காற்று சுகமாக வீசியது. "இங்கே எனக்கு ஒரு கோடை மாளிகை வேண்டும்" என்றார் ராஜா.

உடனே மந்திரி கனகராயர் கை காட்டினார். அவர் காட்டியது ஓடக்காரத் தெருவை. மூங்கிலும் கீற்றுமாக நாற்பது வீடுகள். "மகாராஜா, உறுதியான பூமி அது. நூறு வருஷமாக அங்கே ஒரு வீடுகூட வெள்ளத்தில் போனதில்லை என்று ஊராரே சொல்கிறார்கள். ஓடக்காரர்களைப் புளியந்தோப்புக்கு அனுப்பிவிட்டு, ஆவணியில் கடைக்கால் போடலாம்" என்றார். புளியந்தோப்பு ஆற்றிலிருந்து பத்துக் கல் தொலைவு. ராஜாவும் தலையாட்டிவிட்டார்.

அரசவையில் மருதப்பன் என்று ஒரு விகடன் இருந்தான். மந்திரி பேசினால் ராஜா கொட்டாவி விடுவார், மருதப்பன் பேசினால் வயிறு குலுங்கச் சிரிப்பார். மந்திரிக்கு அவனைக் கண்டாலே ஆகாது என்பதற்கு வேறு காரணம் தேட வேண்டியதில்லை. அந்த மருதப்பனைத் தேடி வந்தாள் ஓடக்காரத் தெருவின் தலைவி காத்தாயி.

"ஆடியோட காலி பண்ணணுமாம், சாமி. ஆத்த விட்டுட்டு நாங்க துடுப்ப வச்சு என்ன பண்றது? கூழா கிண்டறது?" என்றாள். சிரிப்பதுபோல்தான் சொன்னாள். ஆனால் கண் கலங்கியிருந்தது.

"நூறு வருஷமா ஒரு வீடுகூட வெள்ளத்துல போகலையாமே, நெசமா தாயி?"

"நெசந்தான். போறதுக்கு அங்க வீடு இருந்தாத்தானே? ஆடியில தண்ணி செவந்து நொரை கட்டுச்சுன்னா, கூரையப் பிரிச்சு, மூங்கிலக் கட்டி, கோயில் மேட்டுக்கு ஏத்திடுவோம். தை பொறந்தா எறக்கிக் கட்டிக்குவோம். மந்திரிகிட்டச் சொன்னா, 'எடத்தப் பிடிச்சு வச்சுக்கப் பொய் சொல்றியா'ன்னு வெரட்டிட்டாரு."

மருதப்பன் நிமிர்ந்து உட்கார்ந்தான். "தண்ணி எப்ப வரும்?"

"பதினெட்டாம் பெருக்கன்னிக்கு உச்சிப்பொழுதுல எங்க வாசல்ல கால் நனைக்கும். மொத நாள் முழங்கால் அளவு. அப்புறம் நாலே நாள்ல ஆள் முங்கிடும்."

மறுநாள் மருதப்பன் சபையில் கைகட்டி நின்றான். "மகாராஜா, அந்த இடம் ஓடக்காரர்களுடையதும் அன்று, தங்களுடையதும் அன்று. அது ஆற்றுக்குச் சொந்தம். ஆற்றைக் கேட்காமல் அங்கே கட்டுவது நியாயமாகாது."

மந்திரி துள்ளி எழுந்தார். "ஆறு அங்கிருந்து முந்நூறு அடி தள்ளிப் படுத்துக் கிடக்கிறது! சொந்தம் என்றால் சபைக்கு வந்து சொல்லட்டுமே! மகாராஜா, விகடர் ஆற்றை அழைத்து வந்து சாட்சி சொல்ல வைக்கட்டும். இயலாவிட்டால் அவரும் ஓடக்காரர்களோடு புளியந்தோப்புக்கே போகட்டும்!"

ராஜாவுக்கு இது வேடிக்கையாக இருந்தது. "நல்ல யோசனை! ஆறு சபைக்கு வந்து என் கேள்விக்குப் பதில் சொன்னால், தெரு அவர்களுக்கே. சம்மதமா?"

"சம்மதம், மகாராஜா. ஒரே ஒரு விண்ணப்பம். நிலத் தகராறை அந்த நிலத்திலேயே அமர்ந்து விசாரிப்பதுதானே நம் நாட்டு வழக்கம்? ஆடி பதினெட்டாம் நாள் உச்சிப்பொழுதில், சபை ஓடக்காரத் தெருவில் கூடட்டும்."

மந்திரி இதைத் திருப்பித் திருப்பிப் பார்த்தார். ஒரு குற்றமும் தென்படவில்லை. பாறை நாட்டுக்காரருக்கு எங்கிருந்து தென்படும்?

ஆடி பிறந்தது. ஆற்றுத் தண்ணீர் சிவந்தது. ஓடக்காரர்கள் நாற்பது வீட்டையும் பிரித்து மேட்டுக்குக் கொண்டுபோனார்கள். மந்திரி அதைப் பார்த்துவிட்டு, "பயந்து ஓடுகிறார்கள்!" என்று ராஜாவிடம் போய்ச் சொல்லிப் பூரித்துப் போனார். காலியான மணலில் பந்தல் போட்டார், ரத்தினக் கம்பளம் விரித்தார், சிங்காதனத்தையும் கொண்டுவந்து வைத்தார். மாளிகையின் வரைபடத்தைக்கூடச் சுருட்டி அக்குளில் வைத்துக்கொண்டார்.

பதினெட்டாம் நாள் சபை கூடியது. கொஞ்சம் தள்ளி, காய்ந்த மணலில் ஓடங்களை வரிசையாக வைத்துக்கொண்டு ஓடக்காரர்கள் உட்கார்ந்திருந்தார்கள். அதைப் பார்த்துப் பிரதானிகள் விழுந்து விழுந்து சிரித்தார்கள்.

உச்சிப்பொழுது வந்தது. ஆறு வரவில்லை. பொழுது சற்றே சாய்ந்தது. அப்போதும் வரவில்லை. மந்திரி தொண்டையைக் கனைத்தார். தன் பிழைப்பு போனால் போகட்டும், நாற்பது குடும்பத்தைச் சேர்த்துக் கவிழ்த்துவிட்டோமே என்று மருதப்பன் பதறினான். மெல்ல நழுவிக் காத்தாயியிடம் போனான்.

"தாயி, எங்க உங்க ஆறு?"

காத்தாயி காலடி மணலை ஒரு பிடி அள்ளி இறுக்கினாள். கையைத் திறந்தாள். மணல் உதிரவில்லை. "அடியில ஈரம் ஏறிடுச்சு, சாமி. போய்க் கூப்பிடுங்க."

மருதப்பன் ஓடி வந்து, சபைச் சேவகனைப்போலக் குரலெடுத்துக் கூவினான்.

"நெடுந்துறை ஆறு! நெடுந்துறை ஆறு! நெடுந்துறை ஆறு!"

மூன்றாம் கூவலுக்கு, பந்தல் காலோரம் ஒரு கோடு நுரை வந்து நின்றது. அதன் பின்னே சருகும் சுள்ளியும் மிதந்து வந்தன. கம்பளம் நனைந்தது. ராஜாவின் பாதம் நனைந்தது. பிரதானிகள் வேட்டியைத் தூக்கிக்கொண்டு நின்றார்கள்.

"வந்தால் போதுமா?" என்று மந்திரி கத்தினார். "பதில் சொல்ல வேண்டாமா?"

ராஜா காலை மேலே தூக்கி வைத்துக்கொண்டு கேட்டார்: "ஆறே, இந்த இடம் யாருடையது?"

ஆறு முதலில் மந்திரி கழற்றி வைத்திருந்த மரப் பாதக்குறடுகளை எடுத்துக்கொண்டது. பிறகு அவருடைய ஆசனத்தை எடுத்துக்கொண்டது. அதைப் பிடிக்கக் குனிந்தவரின் அக்குளிலிருந்து வரைபடம் நழுவி விழ, அதையும் எடுத்துக்கொண்டு போயே போய்விட்டது.

"பதில் போதுமா, மகாராஜா?" என்றான் மருதப்பன். "விளக்கம் வேண்டுமானால் நாலு நாள் பொறுக்க வேண்டும். ஆள் உயரத்துக்கு விளக்கும்."

ராஜா சிரித்த சிரிப்பில் சிங்காதனம் ஆடியது. அதில் பாதி ஆட்டம் தண்ணீருடையது. அதற்குள் ஓடங்கள் வந்துவிட்டன. ராஜாவை முதலில் ஏற்றிய காத்தாயி, முழங்கால் தண்ணீரில் நடுங்கிக்கொண்டிருந்த மந்திரிக்கும் துடுப்பை நீட்டினாள். வீடு பிரிக்கும் கதையை ஓடத்தில் கேட்ட ராஜா, மந்திரியைத் திரும்பிப் பார்த்தார். மந்திரி அங்கவஸ்திரத்தைப் பிழிவதில் மும்முரமாக இருந்தார்.

மாளிகை எங்கே கட்டலாம் என்று இந்தத் தடவை ராஜா ஓடக்காரர்களையே கேட்டார். அவர்கள் காட்டிய மேட்டில் அது எழும்பியது. ஓடக்காரத் தெருவுக்குப் பட்டயம் எழுதும்போது மூன்று பக்க எல்லையும் சொல்லியாயிற்று. "ஆற்றுப் பக்கம், கிழக்கெல்லை என்னவென்று எழுதுவது?" என்று கேட்டார் ராஜா.

"அதை மட்டும் வெறுமையாக விடுங்கள், மகாராஜா. வருஷா வருஷம் ஆறே வந்து எழுதிக்கொள்ளும்" என்றான் மருதப்பன்.

ராஜா மறுபடி சிரித்தார். "உமக்கும் வெகுமதி உண்டு. அந்தத் தெருவில் நாற்பத்தோராவது வீடு உம்முடையது."

மருதப்பன் நெடுஞ்சாண்கிடையாக விழுந்தான். எழுவதற்குள் ராஜா சொன்னார்: "ஆனால் ஆடியில் அதை நீரே பிரித்து, நீரே சுமக்க வேண்டும்."

அடுத்த ஆடியில், ஒரு மூங்கில்கூடத் தூக்கிப் பழக்கமில்லாத விகடன், தன் வீட்டுக் கூரைக்கு அடியில் சிக்கிக்கொண்டு "தாயி! தாயி!" என்று அலறினான். நாற்பது வீட்டுக்காரர்களும் சிரித்துக்கொண்டே வந்து ஆளுக்கொரு முனை பிடித்தார்கள். மாளிகை மாடத்தில் நின்ற ராஜாவின் சிரிப்பு அக்கரை வரைக்கும் கேட்டதாம்.