காத்தாயியின் பசு

காத்தாயியின் ஒற்றைப் பசு குடம் நிறையக் கறந்தது. அதைப் பார்த்துப் பார்த்து மிராசுதார் வைரவநாதனுக்கு வயிறெரிந்தது. "அது என் பசு, இவள் திருடிவிட்டாள்" என்று வழக்குப் போட்டார். அந்தப் பசுவைப் பற்றி வேறு எந்தக் கோர்ட்டிலும் வழக்கில்லை என்று சத்தியமும் செய்தார்.

நீதிபதி காத்தாயியைக் கேட்டார். "என்னம்மா சொல்றே?"

"அவர் மாடுன்னா அவர்கிட்டயே விட்டுடறேன் சாமி. ஐயா இதையே பக்கத்து ஊர் கோர்ட்டுலயும் வந்து சொல்லட்டும்."

"அங்கே என்ன?"

"என் பசு அவர் வயல்ல நெல்லை மேய்ஞ்சிடுச்சாம். அதுக்கு ஈடா பசுவையே கேட்டு அங்க வழக்குப் போட்டிருக்கார்."

மிராசுதார் தலைகுனிந்தார். வழக்கைத் தள்ளிய நீதிபதி, பொய்ச் சத்தியத்துக்காக அவரைக் கூண்டிலேயே நிற்க வைத்தார்.

கறக்க நேரமாகிவிட்டதென்று காத்தாயி கிளம்பினாள். மிராசுதாருக்குப் பொறுக்கவில்லை. "அப்படி என்னதான்டி தீனி போடுறே?"

"உங்க வயல் நெல்லுதான்னு அந்தக் கோர்ட்டுல நீங்களே சொல்லியிருக்கீங்களே ஐயா!"